பேருக்கு முதலாளி

சவுத்தால்
4 மே 2025

அப்பா,

என் நம்பரைத் தடுத்து வைத்திருக்கிறீர்கள். கம்பனி ஈமெயிலுக்கு எழுதினால் முதலில் கணக்குப் பார்க்கும் வாமதேவன் மாமா வாசிப்பார், பிறகு சுஜீத் அண்ணா வாசிப்பார், கடைசியாகத்தான் உங்களுக்கு வரும். ஆகவே முத்திரை ஒட்டி அனுப்புகிறேன். சவுத்தாலிலிருந்து கிங்ஸ்பரிக்குக் கடிதம். பஸ்ஸில் வந்தால் ஒரு மணித்தியாலம். என்னைச் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்கு ஏற்றிப் பத்து வருடம் கார் ஓடினீர்கள், அதற்கு இன்றைக்குத்தான், இந்தத் தமிழ்க் கடிதத்தில், ஒரு பலன்.

சமைத்தவர்களுக்கு உள்ளே ஏன் இடமில்லை என்று உங்கள் பிறந்தநாள் மேடையில் நான் கேட்டதை இங்கே மறுபடி கேட்கப்போவதில்லை. முந்நூறு பேருக்கு முன்னால் மைக்கைப் பிடித்துக் கேட்டது பிழை என்று அம்மா சொல்கிறார். அந்த முந்நூறு பேருக்கும் சமைத்த பெண்கள் கார் நிறுத்துமிடத்தில், மழைத் தூறலில், கையில் தட்டோடு நின்று சாப்பிட்டது பிழை என்று இன்றுவரை ஒருவரும் சொல்லவில்லை. நீங்கள் சொன்னது ஒரே வசனம். "இனி இவளோட எனக்குக் கதை இல்லை." அன்றைக்கே வீட்டை விட்டு வந்தேன். தலைமை அலுவலகத்தில் ஆட்களை வேலைக்கு எடுக்கும் என் கதிரையையும் விட்டுவிட்டேன்.

இப்போது ஒரு புதினம், உங்களுக்குத் தெரியாத செய்தி. நான் உங்கள் சமையல்கூடத்தில்தான் வேலை செய்கிறேன். அன்னம் கேற்றறிங், சவுத்தால், இரும்புக் கூரைக் கட்டடம். கூடத்தைப் பார்க்கும் நகுலேஸ்வரி அன்ரிதான் வேலைக்கு எடுத்தார். "அப்பாவுக்குத் தெரியுமோ?" என்று கேட்டார். "தெரியவரும்" என்றேன்.

முதல் மூன்று நாள் நான் சுற்றிய ரோல்ஸ் எல்லாம் கொதி எண்ணெய்க்குள் வாய் பிளந்து கறியைக் கொட்டின. பக்கத்துச் சட்டியில் நின்ற டொலறஸ் அக்கா அள்ளிக் காட்டினார். "படிச்ச பிள்ளையின்ர ரோல்ஸ் பாத்தியளே. கேள்வி கேக்குது, வாயை மூடுதில்லை." நாலாம் நாளிலிருந்து ஒன்றும் பிளக்கவில்லை. சட்டம் படித்துப் பட்டம் வாங்கிய நாளில்கூட எனக்கு இவ்வளவு சந்தோசம் வரவில்லை.

இங்கே நின்று பார்க்கும்போதுதான் உங்கள் வாணன் குறூப் முழுதாகத் தெரிகிறது. பெற்றோல் அடிக்கிற செட் பதினொன்று, இரண்டு மொத்தக் கடை, கிங்ஸ்பரிக் கலியாண மண்டபம், சீலைக்கடை, கார் பழக்கும் பள்ளிக்கூடம், ரேடியோ, செத்தவீட்டுச் சேவை. ஒரு தமிழர் லண்டனில் பிறந்து, கார் பழகி, கலியாணம் கட்டி, செத்து, எட்டாம் நாள் எட்டுச் செலவு முடியும்வரைக்கும் உங்களுக்கு வெளியே ஒரு கடைப்படி ஏறத் தேவையில்லை. அந்தப் படி ஒவ்வொன்றிலும் அவர் வாயில் வைப்பது இந்தக் கூடத்து ரோல்ஸ்.

வெள்ளிக்கிழமை சுஜீத் அண்ணா கோட் போட்ட இரண்டு வெள்ளைக்காரரோடு வந்தார். அவர்கள் சுவருக்குச் சுவர் சிவப்பு வெளிச்சம் அடித்து அளந்தார்கள். "ஒண்டும் மாறாது அக்காமார்" என்றார் அண்ணா. ஒன்றும் மாறாத இடத்தை ஏன் அளக்கிறார்கள்?

குறூப்பை விற்கிறீர்களா? இந்தக் கூடத்தை மூடுவார்களா? என்னையும் சேர்த்து நாங்கள் நாற்பத்தொரு பெண்கள். நேராகப் பதில் எழுதுங்கள்.

கம்சிகா


கிங்ஸ்பரி
9 மே 2025

கம்சிகாவுக்கு,

உன்னோடு கதைக்க மாட்டேன் என்று சபையில் சொன்னேன். எழுத மாட்டேன் என்று சொல்லவில்லை.

விற்கிறேன். எனக்கு அறுபத்தாறு வயது, இருதயக் குழாய்க்குள் இரண்டு கம்பிச்சுருள். முப்பத்திரண்டு வருடமாக என் உடுப்பில் பெற்றோல் மணம் போகவில்லை என்று உன் அம்மா சொல்கிறாள். சுஜீத்துக்குக் கடை நடத்த விருப்பமில்லை. உனக்கு விருப்பம் இருந்தது, ஆனால் உனக்கு என்னைவிட என் வேலையாட்கள் பெரிது. முதலீட்டுக் கம்பனி ஒன்று குறூப் முழுவதையும் ஒரே கையாக எடுக்கிறது. ஜூன் இருபதாம் திகதி எழுத்து முடிகிறது.

சமையல்கூடத்தை அவர்கள் வைத்திருக்க மாட்டார்கள். அவர்களுக்கு வேறு ஊரில் பெரிய தொழிற்சாலை இருக்கிறது. உறைய வைத்த சாமான் லொறியில் வரும். பெண்களுக்குச் சட்டம் என்ன கொடுக்கச் சொல்கிறதோ அது கிடைக்கும். எங்கள் பெண்கள் சும்மா இருக்கிறவர்கள் இல்லை, ஆறு மாதத்தில் வேறு வேலை எடுத்துவிடுவார்கள்.

உன்னால் ஒரு உதவி ஆக வேண்டும். புதன்கிழமை சுஜீத் ஒரு படிவம் கொண்டு வருவான். நகுலேஸ் வருடா வருடம் போடுகிற கையெழுத்துத்தான். வாமதேவன் அனுப்புகிற கடதாசி எதையும் அவள் இதுவரை வாசித்ததில்லை. இந்த முறை நீ பக்கத்தில் நிற்கிறாய். உன்னால் அவளுக்குக் கேள்வி வராமல் பார்த்துக்கொள்.

உன் குளிர்ச் சட்டை இங்கே கதவுக்குப் பின்னால் தொங்குகிறது.

அப்பா


சவுத்தால்
14 மே 2025

அப்பா,

நீங்கள் என்னிடம் அந்த உதவியைக் கேட்டிருக்கக் கூடாது.

ஒரு சமையல்காரி ஏன் வருடா வருடம் கம்பனிக் கடதாசியில் கையெழுத்துப் போட வேண்டும்? பஸ்ஸில் இருந்து யோசித்தேன். அரசாங்கத்துக் கம்பனிப் பதிவேட்டைப் போனிலேயே எவரும் பார்க்கலாம். அன்னம் கேற்றறிங் என்று தட்டினேன். பணிப்பாளர், நகுலேஸ்வரி. பங்குகள் நூறு. நூறுக்கும் சொந்தக்காரர், நகுலேஸ்வரி. உங்கள் பெயர் இல்லை. அம்மா இல்லை. அண்ணா இல்லை. இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டி மூன்று நிறுத்தம் போய்விட்டேன். திரும்பி நடக்கவில்லை, ஓடினேன்.

அன்ரி ஆட்டிறைச்சிக்குத் தூள் பிரட்டிக்கொண்டு நின்றார்.

"அன்ரி, இந்தக் கிச்சின் ஆற்ற?"

"உங்கட அப்பான்ர."

"இல்லை அன்ரி. உங்கட."

"விசர்க் கதை கதையாத பிள்ளை. இந்தா, உப்புப் பாத்துச் சொல்லு."

போனை நீட்டினேன். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு தன் பெயரைத் தானே வாசித்தார். இரண்டாம் முறை விரலை வைத்து வாசித்தார். இந்தக் கூடத்தில் இருப்பதற்குக் கதிரை ஒன்றும் இல்லை, குளிர்ப்பெட்டியில் சாய்ந்து நின்றார். அந்த அடுப்புகள், குளிர்ப்பெட்டிகள், கட்டடக் குத்தகை, மண்டபத்தோடும் கடைகளோடும் உள்ள ஒப்பந்தங்கள் எல்லாம் அந்தக் கம்பனியின் பெயரில்தான் இருக்கின்றன. கம்பனி அவருடையது. அப்பா, இருபத்தொரு வருடமாக அவர் தன் சொந்தக் கூடத்துக்குள் வேலைக்கு வந்து, ஐந்து நிமிடம் பிந்தினால் உங்களிடம் மன்னிப்புக் கேட்டிருக்கிறார்.

பதினொரு மணிக்கு அண்ணா வந்தார். கோப்பு, பேனா, புதுச் சப்பாத்து. "அக்கா, வழமையான இடத்தில ஒரு சைன்."

அன்ரியின் கை முழங்கைவரை ரஸ்க் தூள். "கை கழுவிப்போட்டு வாறன் தம்பி" என்று போனார். அண்ணா நின்றார். பொரிக்கிற சட்டிக்குப் பக்கத்தில் இருபத்தைந்து நிமிடம் நின்றார். பிறேமினி மரக்கறி வெட்டிக்கொண்டே சொன்னாள், "அவ நல்லா வடிவாக் கழுவுறவ, அண்ணா." ஒருவரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் அவருக்குச் சுகமாக இருந்திருக்கும். கடைசியில் கோப்பைத் தூக்கிக்கொண்டு போனார். அன்ரி எங்கே என்று தேடினால், பின் வளவில் தன் காருக்குள் கதவைப் பூட்டிக்கொண்டு இருந்தார். கை அதுவரை கழுவவில்லை.

உங்களிடம் ஒரு கேள்விதான். ஏன் அவர் பெயரில் எழுதினீர்கள்?

கம்சிகா


கிங்ஸ்பரி
19 மே 2025

கம்சிகாவுக்கு,

சுஜீத்தைச் சட்டிக்குப் பக்கத்தில் நிறுத்தி வைத்துப் பகிடி பண்ணினீர்கள். அவன் உன் அண்ணன்.

ஏன் எழுதினேன் என்று கேட்கிறாய். கேள்.

இரண்டாயிரத்து நாலாம் ஆண்டு அந்தக் கட்டடத்தை எடுத்தேன். கொழும்பில் எங்களுக்கு ஒரு சாத்திரியார். அவரைக் கேட்காமல் நான் ஒரு பூட்டுக்கூட மாற்றியதில்லை, உனக்குத் தெரியும். போனில் என் சாதகத்தைப் பார்த்துவிட்டு, அடுப்புத் தொழிலை என் பேரில் தொடங்கினால் இரண்டு வருடத்துக்குள் தீப் பிடிக்கும் என்றார். உன் அம்மாவுக்கு அப்போது ஏழரைச் சனி. சிம்ம ராசி, மக நட்சத்திரத்துப் பெண் ஒருத்தியின் பேரில் தொடங்கு, கிளை விடும் என்றார். சொந்தத்துக்குள் ஒரு மகமும் இல்லை. தேடித் தேடிக் கடைசியில் எங்கள் மொத்தக் கடையின் பின்பக்கத்தில் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்த நகுலேஸ் மகம் என்று தெரிந்தது. உருளைக்கிழங்கு மூடையின் மேல் கடதாசியை வைத்துக் கையெழுத்து வாங்கினோம். அன்றைக்கே பால் காய்ச்சினோம்.

கிளை விட்டது. அதனால் கை வைக்கப் பயம். மாற்றுவோம் என்று வாமதேவன் வருடா வருடம் சொல்வான், பொறு என்று சாத்திரியார் வருடா வருடம் சொல்வார். போன வருடம் சாத்திரியார் செத்துப்போனார்.

அவ்வளவுதான் விசயம். அது பேருக்கு. முதல் போட்டவன் நான். ரோல்ஸைக் கொண்டு திரிந்து கடை கடையாகப் பிடித்தவன் நான். நகுலேஸின் புருசன் இறந்தபோது செத்தவீட்டை முழுக்கச் செய்தவன் நான். பிள்ளைகள் இரண்டும் படித்து முடிக்கும்வரை பார்த்தேன். அவளுக்கு நன்றி தெரியும். உனக்குத்தான் தெரியாது.

லொயரிடம் போயிருக்கிறேன். அவர் சொன்னதை உனக்கு எழுதத் தேவையில்லை.

அப்பா


சவுத்தால்
27 மே 2025

அப்பா,

லொயர் சொன்னதை நானே எழுதுகிறேன். நீதிமன்றத்துக்குப் போனால், சொந்தக்காரர் யார் என்று இருபத்தொரு வருடமாக அரசாங்கத்துக்கு எழுதிக் கொடுத்தது பொய் என்று நீங்களே சத்தியம் பண்ண வேண்டும். அப்படிச் சொல்லும் ஆளிடமிருந்து எந்தக் கம்பனியும் பதினொரு பெற்றோல் செட் வாங்காது. நாங்களும் ஒருவரிடம் கேட்டோம். காசு வாங்காத ஒரு சட்ட உதவிக்காரர். பத்து நிமிடத்தில் சொல்லி முடித்துவிட்டார். பங்குகளை மாற்றும் படிவத்தில் அன்ரி கையெழுத்துப் போடாவிட்டால் கூடம் அன்ரியுடையது.

சனிக்கிழமை வேலை முடிந்து கூட்டம் போட்டோம். எல்லாரும் நின்றபடிதான். ஒரே இரைச்சல். ஒருத்தி ஜெர்மனியில் முதியோர் விடுதியில் வேலை பார்த்துவிட்டு வந்தவள், ஒருத்தி சுவிஸ் ஹோட்டலில் கட்டில் விரித்தவள். டொலறஸ் அக்கா பாரிஸில் பதினாலு வருடம் துப்புரவு வேலை. "பிரான்சில நிண்டிருந்தா இவ்வளவுக்கு யூனியன் வைச்சுக் கதவை அடைச்சிருப்பம்" என்றார். பிறேமினி, "இப்பவும் அடைக்கலாம் அக்கா, திறப்பு எங்கட கையில" என்றாள். கைதட்டினார்கள். உறைய வைத்த ரோல்ஸை யார் தின்னப்போகிறார்கள், மண்டபத்துக்கு எங்களை விட்டால் யார் சமைப்பார்கள், பங்கை எல்லாருக்குமாகப் பிரிக்கலாமா என்றெல்லாம் கதை போனது. இரண்டு மணித்தியாலம் உடம்பில் மின்சாரம் ஓடியது போல இருந்தது.

அப்போது அன்ரி சொன்னார், "நான் சைன் வைக்கப்போறன்."

எல்லாரும் அவர் பக்கம் திரும்பினோம்.

"என்ர மனுசன் செத்து மூண்டாம் நாள் வந்து, 'நகுலேஸ், வேலைக்கு வா, வீட்டில இருந்தா விசர் பிடிக்கும்' எண்டு கூட்டிக்கொண்டு போனது முதலாளி அண்ணைதான். பிள்ளையள் படிச்சது அவராலை. நான் அவருக்குத் துரோகம் செய்யேலாது."

டொலறஸ் அக்கா பாய்ந்தார். "இருவது வரியமா நீ பொரிச்சதில அவர் மாளிகை கட்டினவர். அதுக்கு ஆர் நன்றி சொன்னது?"

"எனக்குத் தெரியும் டொலறஸ். ஆனா ஒண்டு. சுஜீத்திட்டக் குடுக்க மாட்டன். அண்ணை வரட்டும். என்ர முகத்தைப் பாத்து, 'தா' எண்டு கேக்கட்டும். கேட்டால் அந்த நிமிசம் போட்டுக் குடுப்பன்."

பிறகு என்னைத் தனியாகக் கூப்பிட்டு ஒரு கதை சொன்னார். உங்கள் முதலாவது பெற்றோல் செட்டின் கதை. வீட்டில் எங்களுக்குச் சொன்னது வேறு. கிருஷ்ணராசா என்று உங்கள் சிநேகிதர், கனடாவுக்குப் போகும்போது அதை உங்களுக்கு அன்பளிப்பாகக் கொடுத்துவிட்டுப் போனார் என்று சொல்லி வளர்த்தீர்கள். கிறிஸ்மஸுக்குக் கிறிஸ்மஸ் அவருக்கு ஒரு வாழ்த்து மட்டை போடச் சொல்வீர்கள், பதில் வந்ததே இல்லை. அன்ரியின் கணவர் அந்தச் செட்டில் வேலை செய்தவராம். கிருஷ்ணராசாவுக்கு அப்போது விசா இல்லை. உங்களுக்கு இருந்தது. ஆகவே குத்தகையை உங்கள் பேரில் எழுதினாராம். பேருக்கு. மூன்று வருடத்துக்குப் பிறகு அவருக்கு விசா கிடைத்தது. நீங்கள் கொடுக்கவில்லை.

உண்மையா, அப்பா?

இந்தக் கடிதத்தை எழுதாமல் விட்டால் அன்ரி சொன்ன நிபந்தனை உங்களுக்குத் தெரியவே வராது. இருபதாம் திகதி தானாகக் கடந்துபோகும். கூடம் தப்பும். நான் எழுதுகிறேன் என்றதும் டொலறஸ் அக்கா, "உனக்கென்ன விசரோ?" என்று கத்தினார். இருக்கலாம். ஆனால் கடதாசியில் என்ன இருக்கிறது என்று சொல்லாமல் காரியம் பார்க்கிறவர்கள் எங்கள் குடும்பத்தில் ஏற்கெனவே போதும்.

வந்து கேட்டால் போட்டுத் தருவார். தெரிந்துகொள்ளுங்கள்.

கம்சிகா


கிங்ஸ்பரி
2 ஜூன் 2025

கம்சிகாவுக்கு,

நீ எனக்கு இதை எழுதாமல் விட்டிருக்கலாம். ஏன் எழுதினாய் என்று இரண்டு நாள் யோசித்தேன். சுஜீத்துக்கு வாசித்துக் காட்டினேன். "அவள் லூசு அப்பா, டக்கெண்டு போங்கோ" என்றான்.

கிருஷ்ணராசா கதையை நகுலேஸின் புருசன் கண்டபடி சொல்லியிருக்கிறான். எல்லாவற்றையும் கண்டவன் அவன் இல்லை.

ஜூன் பன்னிரண்டு, வியாழக்கிழமை, காலை பத்து மணி இருபதுக்கு நல்ல நேரம். பஞ்சாங்கத்தை நானே பார்த்தேன். வருகிறேன். கேட்பேன். அவள் போடுவாள்.

அப்பா


சவுத்தால்
13 ஜூன் 2025

அப்பா,

நேற்று இரண்டு முழத் தூரத்தில் நின்றோம், ஒரு வார்த்தை கதைக்கவில்லை. அதனால் இன்றைக்கு எழுத வேண்டியிருக்கிறது.

பத்து இருபதுக்கு வாசலில் நின்றீர்கள். காலையிலிருந்து ஒருத்திக்கும் கை ஓடவில்லை. பிறேமினி விரலை வெட்டிக்கொண்டாள். டொலறஸ் அக்கா என் பக்கம் திரும்பவே இல்லை. உள்ளே வந்து முதலில் மூக்கைச் சுருக்கி மணம் பிடித்தீர்கள். பிறகு என் சட்டியைப் பார்த்துவிட்டு அன்ரியிடம் சொன்னீர்கள், "நகுலேஸ், அந்தப் பிள்ளையிட்டச் சொல்லு, எண்ணெய் கூடக் காஞ்சுபோச்சு."

அன்ரி என்னிடம், "எண்ணெய் காஞ்சுபோச்சாம்."

நான், "எனக்குக் காது கேக்கும் எண்டு அவரிட்டச் சொல்லுங்கோ."

அன்ரி உங்களிடம், "அவவுக்குக் காது கேக்குமாம், அண்ணை." மற்ற எல்லாரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். ஒருத்தியின் தோள் சிரிப்பில் குலுங்கியதை நீங்களும் கண்டீர்கள்.

பிறகு சுற்றிப் பார்த்தீர்கள். "இருக்கக் கதிரை ஒண்டு இல்லையோ?"

"இல்லை, அண்ணை."

"ஏன்?"

"ஏன் எண்டு எனக்குத் தெரியாது, அண்ணை. நீங்கள் வாங்கித் தரேல்லை."

அன்ரி அதைக் குத்தலாகச் சொல்லவில்லை. அதுதான் உங்களை அடித்தது என்று நினைக்கிறேன். வெங்காய மூடையைத் தட்டி, உங்களை இருத்தினார். சோறும் கத்தரிக்காயும் ஆட்டிறைச்சிக் கறியும் தட்டில் போட்டுத் தந்தார். எங்கள் சாப்பாட்டு நேரம் பத்தரை. நாங்கள் வழமைபோலச் சுவரோரமாக நின்று சாப்பிட்டோம். பிறந்தநாள் அன்றைக்கு மழைக்குள் நின்று சாப்பிட்டதுபோலத்தான், இங்கே கூரை மட்டும் இருக்கிறது. நீங்கள் ஒரு முறைகூட நிமிரவில்லை.

கையைக் கழுவினீர்கள். கோட்டுக்குள் இருந்து படிவத்தை எடுத்தீர்கள். அன்ரி முன்கூட்டியே கையைத் துடைத்துவிட்டு, பேனாவைப் பிடித்துக்கொண்டு உங்கள் முன்னால் வந்து நின்றார். உங்கள் முகத்தையே பார்த்தார். நீங்கள் வாயைத் திறந்தீர்கள்.

"ஆட்டிறைச்சிக் கறியில கறுவாப்பட்டை குறைவு, நகுலேஸ்" என்றீர்கள். படிவத்தை மடித்து மேசையில் வைத்துவிட்டுப் போய்விட்டீர்கள்.

டொலறஸ் அக்கா ஓடி வந்து என் கன்னத்தைக் கிள்ளினார். மாத் தூள் பறந்தது. ஆளாளுக்குக் கட்டிப்பிடித்தார்கள். அன்ரி மட்டும் பேனாவோடு அப்படியே நின்றார். "அண்ணை கேக்கேல்லை" என்று மட்டும் மூன்று தரம் சொன்னார். அந்தப் படிவம் இன்னும் மேசையில்தான் இருக்கிறது, எண்ணெய் பட்டுவிட்டது. இருபதாம் திகதிக்கு ஒரு கிழமை இருக்கிறது. நீங்கள் மறுபடி வரலாம். அன்ரி இன்னும் அதே சொல்லில்தான் நிற்கிறார்.

ஏன் கேட்கவில்லை, அப்பா?

கம்சிகா


கிங்ஸ்பரி
18 ஜூன் 2025

கம்சிகாவுக்கு,

இதை உன் அம்மாவுக்கும் நான் சொன்னதில்லை.

கிருஷ்ணராசாவுக்கு விசா கிடைத்த கிழமை, எங்கள் பெற்றோல் செட்டுக்கு எதிர்ப்பக்கத்து பஸ் நிறுத்தத்தில் வந்து நின்றான். மூன்று நாள் வந்தான். பஸ் வரும், போகும், அவன் ஏறமாட்டான். நான் கண்ணாடிக்குள்ளால் பார்த்துக்கொண்டு நின்றேன். அவன் வீதியைக் கடந்து வந்து, "அம்பலம், தா" என்று என் பேரைச் சொல்லிக் கேட்டால் திறப்பைக் கொடுத்துவிடுவது என்றுதான் நினைத்தேன். சத்தியமாக நினைத்தேன். வந்துவிடக் கூடாது என்றும் நினைத்தேன். நாலாம் நாள் அவன் வரவில்லை. அவன் கேட்கவில்லை, அதனால் என்னுடையது. முப்பது வருடமாக எனக்கு நானே சொன்னது அதுதான்.

வியாழக்கிழமை நான் காரை விட்டது உங்கள் கட்டடத்துக்கு எதிர்ப்பக்கம். வீதியைக் கடந்து வந்தேன். நகுலேஸ் பேனாவோடு வந்து நின்ற முகத்தைப் பார்த்தேன். கேட்டால் தருவாள் என்று எனக்கு நன்றாகத் தெரிந்தது. அந்த முகத்தைப் பார்த்துக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. கறுவா உண்மையிலேயே குறைவு.

சமையல்கூடம் இல்லாமல் மிச்சத்தை விற்கிறேன். விலையைக் குறைத்துவிட்டார்கள். சுஜீத் என்னோடு கதைக்கவில்லை. இந்த வீட்டில் இப்போது ஒருவரோடு ஒருவர் கதைக்காதவர்கள் கூடிவிட்டார்கள்.

கிருஷ்ணராசாவின் விலாசம் மாறியிருக்கும். கனடாவில் விசாரிக்கச் சொல்லியிருக்கிறேன். அகப்பட்டால் நான் போவேன். போய் என்ன சொல்வது என்று இன்னும் தெரியாது.

இனி வியாபாரம். மண்டபத்தை மட்டும் நான் விற்கவில்லை. ஜூலை பன்னிரண்டாம் திகதி அங்கே ஒரு கலியாணம். ஆட்டிறைச்சி ரோல்ஸ் அறுநூறு, மரக்கறி ரோல்ஸ் முந்நூறு வேண்டும். உங்கள் விலையை எழுதி அனுப்பச் சொல்லு. என்னிடம் இதுவரை வாங்கிய விலைக்குத் தந்தால் நீங்கள் மொக்கர்.

வெள்ளிக்கிழமை எங்கள் மொத்தக் கடை லொறி வரும். கதிரைகள் அனுப்புகிறேன். இனாம் இல்லை, பில் வரும். நீங்கள் இப்போது வேறு கம்பனி.

அப்பா


சவுத்தால்
24 ஜூன் 2025

அப்பா,

ஆட்டிறைச்சி ரோல்ஸ், மரக்கறி ரோல்ஸ் விலைத் துண்டு இத்தோடு இருக்கிறது. பழைய விலையைவிட மூன்றில் ஒரு பங்கு கூட. பாதி முற்பணம். பேரம் பேசுவதானால் நகுலேஸ்வரி அன்ரியோடு பேசுங்கள். அவர் உங்களிடம் படித்தவர், அதனால் கவனம்.

எல்லாம் தேன் என்று நினைக்க வேண்டாம். அன்ரி சொந்தக்காரியாகி அடுத்த நாளே, பிந்தி வந்ததற்குப் பிறேமினியை ஏசினார். டொலறஸ் அக்கா கரண்டியை வைத்துவிட்டு, "உனக்கும் அந்தக் குணம் வந்திட்டுதே?" என்று கேட்டார். இரண்டு நாள் சண்டை. முடிவில் பங்கைப் பிரிப்பதற்குக் கடதாசி எழுதுகிறோம். எழுதியதை எல்லாருக்கும் முன்னால் சத்தமாக வாசித்து, விளங்காத இடத்தில் நிறுத்திக் கேள்வி கேட்ட பிறகுதான் கையெழுத்து. இதுவரை நாலாம் பக்கம்தான் வந்திருக்கிறோம்.

உங்களோடு எனக்குக் கணக்கு முடியவில்லை. பெற்றோல் செட்டுப் பெடியள் பன்னிரண்டு மணித்தியாலம் கண்ணாடிக்குள் நிற்கிறார்கள். புது முதலாளி வந்தாலும் நிற்பார்கள். மண்டபம் கழுவுகிற பெண்களுக்குச் சம்பளத் துண்டு இல்லை. மண்டபம் இன்னும் உங்களுடையது. அதைப் பற்றித் தனியாக எழுதுவேன்.

கறிக்குக் கறுவா கூட்டியிருக்கிறோம்.

லொறி வந்தது. கதிரைகளை இறக்கி எண்ணினோம். நாங்கள் நாற்பத்தொரு பேர். நாற்பத்திரண்டு கதிரை வந்திருக்கிறது. பில்லிலும் நாற்பத்திரண்டு என்றுதான் போட்டிருக்கிறீர்கள், ஆகவே அது வாமதேவன் மாமாவின் பிழை இல்லை. முழுக் காசும் கட்டிவிட்டோம். அதுவும் இப்போது எங்கள் கதிரை.

அன்ரி அதைக் குளிர்ப்பெட்டிக்குப் பக்கத்தில், வாசலைப் பார்த்தபடி போட்டிருக்கிறார். சாப்பாடு பத்தரைக்கு. வரலாம், இருக்கலாம். என்னோடு கதைக்க வேண்டும்.

கம்சிகா